மும்பை, பம்பாய்

‘மும்பை’ என்ற பெயர் மும்பாதேவியிடமிருந்து வந்தது. மீன்பிடித் தொழில் செய்த கோலி மக்களின் தெய்வம் இவள். கோயில் இப்போது புலேஷ்வர் பகுதியில் உள்ளது. ‘மும்பா’வோடு, தாயைக் குறிக்கும் மராத்திச் சொல்லான ‘ஆயி’ சேர்ந்து ‘மும்பை’ ஆயிற்று என்பது பரவலான விளக்கம்.

1534இல் குஜராத் சுல்தான் பகதூர் ஷாவிடமிருந்து மும்பைத் தீவுகளைப் பெற்ற போர்த்துக்கீசியர் ‘பொம்பாயிம்’ என்று எழுதினர். ‘நல்ல வளைகுடா’ என்ற போர்த்துக்கீசியத் தொடரே பெயரானது என்ற கதை இன்றும் உலவுகிறது. கேட்க அழகாக இருந்தாலும் இலக்கணம் இடம் தரவில்லை. அம்மொழியில் வளைகுடாவுக்கான சொல் பெண்பால். ‘போவா பாயியா’ என்றுதான் வந்திருக்க வேண்டும். உள்ளூர்ப் பெயரின் திரிபு என்று கொள்வதே பொருத்தம்.

1661இன் திருமண ஒப்பந்தப்படி, போர்த்துக்கீசிய இளவரசி கேதரினின் சீதனமாகப் பம்பாய் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லசுக்குச் சென்றது. அவர் 1668இல் அதை ஆண்டுக்குப் பத்து பவுன் வாடகைக்குக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் விட்டார். ஆங்கிலேயர் வாயில் பெயர் ‘பாம்பே’ ஆனது.

மராத்தியிலும் குஜராத்தியிலும் ‘மும்பை’, இந்தியில் ‘பம்பயி’, தமிழில் ‘பம்பாய்’ என நெடுங்காலம் இணையாகவே வழங்கின. 1995இல் சிவசேனை–பாஜக அரசு ‘மும்பை’யை அதிகாரப்பூர்வமாக்கியது; மறு ஆண்டு மெட்ராஸ் சென்னையானது. தாராவி, மாட்டுங்கா, செம்பூர்த் தமிழரின் பேச்சில் ‘பம்பாய்’ இன்னும் மறையவில்லை. பம்பாய் உயர் நீதிமன்றமும் ஐ.ஐ.டி. பம்பாயும் பழைய பெயரிலேயே இயங்குகின்றன. உயர் நீதிமன்றத்தின் பெயரை மாற்ற நாடாளுமன்றம்தான் சட்டம் இயற்ற வேண்டும்.