காலி உறைக்கும் விலை வைத்தவர்

மாகறல் போன்ற செய்யாற்றங்கரை ஊர்களின் பெட்டிக்கடைகளில் சரம்சரமாகத் தொங்கும் ஷாம்பு பாக்கெட்டுகளின் வரலாறு கடலூரில் தொடங்குகிறது. அன்றாடக் கூலி பெறுவோரால் ஷாம்பு புட்டி வாங்க இயலாது என்றுணர்ந்து, அதைச் சிறு உறைகளில் அடைத்து விற்ற முன்னோடி சின்னி கிருஷ்ணன். அவருடைய மகன் சி.கே. ரங்கநாதன், சகோதரர்களின் வெல்வெட் நிறுவனத்திலிருந்து விலகி, 1983-இல் ரூ.15,000 முதலீட்டில் தனித்தொழில் தொடங்கினார். 'சிக்' ஷாம்பு பிறந்தது. 1998-இல் நிறுவனத்தின் பெயர் கெவின்கேர் ஆயிற்று.

அவருடைய வணிக நுட்பத்துக்குச் சான்று காலி உறைத் திட்டம். எந்த நிறுவனத்தின் ஷாம்பு உறையாயினும் ஐந்தைக் கொடுத்தால் ஒரு சிக் உறை இலவசம். மக்கள் பழகிய பிறகு, சிக் உறைகளுக்கு மட்டுமே அச்சலுகை என்று மாற்றினார். விற்பனை பன்மடங்கு பெருகிற்று. விளம்பரத்துக்குப் பெருந்தொகை செலவிட்ட பன்னாட்டு நிறுவனங்களுக்கு இது தோன்றவில்லை என்பது வியப்புதான்.

ஆனால், ஒரு செலவு அந்த விலையில் சேரவில்லை. பல அடுக்கு நெகிழியாலான உறையை மறுசுழற்சி செய்வது கடினம். எடையற்றது என்பதால் பழைய பொருள் வாங்குவோரும் சீண்டுவதில்லை. அது வாய்க்காலை அடைக்கிறது. தூர்வாரும் செலவு ஊராருடையது. 2016-ஆம் ஆண்டின் நெகிழிக் கழிவு மேலாண்மை விதிகள் குட்கா, பான் மசாலா நெகிழி உறைகளைத் தடை செய்தன. ஷாம்பு உறைகளுக்கு அத்தகைய தடை விதிக்கவில்லை. தடுத்தால் கூலித் தொழிலாளியே இழப்பார். கடைக்காரர் வழியே காலி உறைகளைத் திரட்ட இயலும் என்பதை ரங்கநாதன் முன்பே காட்டிவிட்டார். அந்த ஐந்துக்கு ஒன்று திட்டத்தை ஷாம்பு நிறுவனங்கள் அனைத்தும் சேர்ந்து நடத்துமாறு அரசு கேட்கலாம்.