வேலை வாசலில் கேட்ட கேள்வி

ஒருவரை வேலைக்கு அமர்த்துமுன் அவரை ஆராய்ந்து பார்க்க வேண்டும் என்பது தமிழர்க்குப் புதிய கருத்தன்று. திருக்குறளில் தெரிந்து தெளிதல், தெரிந்து வினையாடல் என்று இரண்டு அதிகாரங்கள் அடுத்தடுத்து அமைந்துள்ளன. எவரை நம்புவது, எவரிடம் எவ்வேலையை ஒப்படைப்பது என்பதே அவற்றின் பொருள். ஆனால் ஆராய்பவர் கேட்கும் கேள்வி, ஆராயப்படுபவரின் வாழ்வை எவ்வாறு மாற்றிவிடுகிறது என்பதை நாம் அதிகம் எண்ணிப் பார்ப்பதில்லை. வாசலில் என்ன கேட்பார்கள் என்று தெரிந்துவிட்டால், வருபவர் அதற்கேற்பத் தம்மை ஆயத்தம் செய்துகொள்வார். அவர் மட்டுமல்லர், அவருடைய பெற்றோரும், அவர் ஊர்ப் பள்ளியும் அக்கேள்வியை நோக்கியே திரும்பிவிடுவர். கிள்ளான் பள்ளத்தாக்கில் குடியேறிய தமிழரின் வரலாறு இதற்குத் தக்க சான்றாகும்.

இப்பள்ளத்தாக்கின் ரப்பர்த் தோட்டங்களுக்கு ஆள் சேர்த்தவர்களுள் தலையானவர் கங்காணி. தோட்டத்தில் தாமும் ஒரு தொழிலாளியாக இருந்தவரே உரிமச் சீட்டுப் பெற்றுத் தம் சொந்த ஊருக்குச் சென்று ஆள் திரட்டினார். 1907ஆம் ஆண்டில் குடியேற்ற நிதி ஒன்று அமைக்கப்பட்டது. தோட்ட முதலாளிகள் செலுத்திய வரியைக் கொண்டு கப்பற் செலவு கொடுக்கப்பட்டது. 1910இல் ஒப்பந்தக் கூலி முறைக்குத் தடை வந்தபின், கங்காணி முறையே பெருவழியாயிற்று. ஆவடி முகாமிலும் நாகப்பட்டினம் முகாமிலும் தங்க வைக்கப்பட்டு, அங்கிருந்து மக்கள் கப்பலேறினர்.

கங்காணி கேட்ட கேள்விகள் யாவை? எந்த ஊர், யார் மகன், என்ன சாதி, உடன் வருவோர் யார், உடம்பில் வலு உண்டா என்பனவே. எழுதப் படிக்கத் தெரியுமா என்று அவர் கேட்கவில்லை. கேட்கத் தேவையும் இல்லை. உறவும் ஊரும் அறிந்தவர் எளிதில் ஓடிப்போக மாட்டார் என்பது தோட்டத்தார் கணக்கு. தம்மால் வந்தவர் வேலைக்கு வரும் ஒவ்வொரு நாளுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு உண்டு என்பதையும் இங்கே சேர்த்து எண்ண வேண்டும். ஆகவே உறவே தகுதியாயிற்று. ஒருவர் போனால் அவர் தம்பி போனார், மைத்துனர் போனார். ஒரு தெருவே ஒரு தோட்டத்து லயத்துக்குப் பெயர்ந்தது. அரசினர் தரப்பில் இன்னொரு கேள்வியும் இருந்தது. விரும்பித்தான் போகிறாயா என்பது அது. கிராம முன்சீப் தடையில்லை என்று கையொப்பமிட வேண்டும் என்பதும் விதி. ஆம் என்று சொன்னால்தான் கப்பல் என்று அறிந்தவரிடம் இக்கேள்வியைக் கேட்டால் எந்த விடை வரும்? விடை முன்னமே ஆயத்தமாக இருந்தது. விடை ஒன்றாகவே அமைந்துவிட்ட கேள்வி காவலாகாது, அது சடங்காகிவிடும்.

இனி, அதே காலத்தில் அதே பள்ளத்தாக்கில் இன்னொரு வாசலைப் பார்ப்போம். 1886இல் கோலாலம்பூருக்கும் கிள்ளானுக்கும் இடையே புகைவண்டி ஓடத் தொடங்கியது. 1892இல் வடக்கே ரவாங் வரை பாதை நீண்டது; சுங்கை பூலோ அப்பாதையின் மேலேயே உள்ளது. இந்த ரயில் இலாகாவுக்கும் அரசாங்க அலுவலகங்களுக்கும் எழுத்தர்களும் நிலைய அதிபர்களும் வேண்டியிருந்தனர். அங்கே கேட்கப்பட்ட கேள்வி வேறு: ஆங்கிலம் எழுதத் தெரியுமா, கணக்குத் தெரியுமா, எந்தப் பள்ளியில் படித்தாய் என்பது. இதற்கு விடை சொல்லக் கூடியவர்கள் யாழ்ப்பாணத்தில் இருந்தனர். அமெரிக்க மிஷனரிமார் 1823இல் வட்டுக்கோட்டையில் செமினரி தொடங்கிய நாள் முதலாக அங்கே ஆங்கிலக் கல்வி வேரூன்றியிருந்தது. அவ்வாறு படித்து வந்தவர்களே பிரிக்பீல்ட்ஸ் ரயில் குடியிருப்புகளில் நிறைந்தனர். அங்குள்ள கந்தசுவாமி கோயிலும் விவேகானந்த ஆசிரமமும் அவர்கள் எழுப்பியவை.

இங்கே கருதத்தக்கது ஒன்று உண்டு. மிஷனரிப் பள்ளிகளை எதிர்த்து நின்ற ஆறுமுக நாவலரே 1872இல் சைவப் பிள்ளைகளுக்கு ஓர் ஆங்கிலப் பாடசாலை நடத்தத் துணிந்தார். பொருள் இன்மையால் அது சில ஆண்டுகளில் நின்றுபோயிற்று. 1890இல் யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரி தோன்றி, அந்த எண்ணம் நிலைபெற்றது. சமயத்தில் விட்டுக்கொடாதவர்களும் மொழியில் ஆங்கிலத்தை ஏற்றனர். வேலை வாசலில் கேட்ட கேள்வி கடல் கடந்து சென்று பள்ளிகளின் பாடத்திட்டத்தையே எழுதியது என்று சொன்னால் மிகையாகாது.

சுங்கை பூலோவுக்கும் பிரிக்பீல்ட்ஸுக்கும் ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவுதான். இருபுறத்தாரும் தமிழர். ஒருவர் ரப்பர் மரத்தடியில் பால் வெட்டினார். மற்றவர் அத்தோட்டத்தை ஒட்டி ஓடிய வண்டிக்குப் பச்சைக்கொடி காட்டினார். இவருக்கு ஒரு கேள்வி, அவருக்கு ஒரு கேள்வி. அதனால் இவர் பிள்ளைக்கு ஒரு பள்ளி, அவர் பிள்ளைக்கு ஒரு பள்ளி. ரயில்காரர் பிள்ளை விக்டோரியா கல்லூரிக்கோ மெதடிஸ்டுப் பள்ளிக்கோ சென்றான். தோட்டத்தில் பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் பள்ளி வைக்க வேண்டும் என்று தொழிற்சட்டம் கூறியது, பள்ளியும் வைத்தார்கள். ஆனால் பால்வெட்டுக்குக் கல்வியைப் பற்றிய கேள்வியே இல்லாதபோது, அந்தப் பள்ளி எப்படி இருந்தால் தோட்டத்தாருக்கு என்ன? கங்காணியோ கிராணியோ ஓய்ந்த நேரத்தில் பாடம் சொன்ன பள்ளிகளும் இருந்தன. ஒரு தலைமுறைக்குக் கேட்காமல் விட்ட கேள்வி, அடுத்த தலைமுறைக்குத் திறக்காத கதவாயிற்று.

1938இல் இந்திய அரசாங்கம் உடலுழைப்புத் தொழிலாளர் உதவி பெற்று மலாயாவுக்குச் செல்வதைத் தடுத்தது. கங்காணி கேட்ட கேள்வியும் அதனோடு ஓய்ந்தது. மூன்றாண்டு கழித்து, 1941இல், கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் பெரும் வேலைநிறுத்தம் எழுந்தது. இம்முறை கேள்வி கேட்டவர்கள் தொழிலாளர்கள். சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி எங்கே என்று கேட்டார்கள். துரைமார் முன்னால் சைக்கிளை விட்டு இறங்காமல் போகும் உரிமை வேண்டும் என்றார்கள். அக்கோரிக்கைகளுள், பிள்ளைகளுக்கு முறையான கல்வி வேண்டும் என்பதும் ஒன்று. தங்களிடம் கேட்கப்படாத கேள்வியின் விலையை அவர்கள் அறிந்திருந்தார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

கேள்வி ஆளை உருவாக்கும் என்பது மேல்நாட்டாரும் பட்டறிந்த உண்மையே. 1921இல் அமெரிக்க விஞ்ஞானி எடிசன் தம் நிறுவனத்தில் வேலை நாடி வந்த பட்டதாரிகளுக்கு ஏறக்குறைய 150 கேள்விகள் கொண்ட தாள் ஒன்றைக் கொடுத்தார். பிரான்சு நாட்டின் எல்லையில் உள்ள நாடுகள் யாவை என்பது போன்ற கேள்விகள் அவை. எழுதியவர்களுள் ஒருவர் அவற்றை நினைவிலிருந்து பத்திரிகைக்குச் சொல்லிவிட்டார். எடிசன் கேள்விகளை மாற்ற நேர்ந்தது. மனப்பாடத்தைக் கேட்டால் மனப்பாடமே வரும். வேலைத்திறம் வருமா என்பது வேறு.

நேர்முகத் தேர்வைப் பற்றி நெடுங்காலம் ஆய்ந்த உளநூலார் கண்ட முடிவும் எண்ணத்தக்கது. மனம் போனபடி பேசி ஆளை மதிப்பிடும் முறையைவிட, வேலைக்கு உரிய கேள்விகளை முன்னமே வகுத்து, எல்லாரிடமும் ஒரே வகையாகக் கேட்டு, விடைக்கு அளவு வைத்து மதிப்பெண் இடும் முறையே பின்னாளைய வேலைத்திறத்தை நன்கு காட்டுகிறது என்பர். 1998இலும் 2022இலும் வெளிவந்த பெரிய தொகுப்பாய்வுகள் இரண்டும் இதனை உறுதி செய்துள்ளன. உன் ஊர் எது, உன் அப்பா யார் என்று தொடங்கும் பேச்சு, கங்காணியின் பழைய கேள்வியே அன்றோ? உடை மட்டுமே மாறியுள்ளது.

நம் முன்னோரிடமும் நல்ல எடுத்துக்காட்டு உண்டு. பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டு, வாரியத்துக்கு உரியவர் யார் என்பதைக் கோயிற் சுவரில் வெட்டி வைத்தது. கால் வேலிக்கு மேற்பட்ட இறை நிலம், சொந்த மனையில் வீடு, 35க்கு மேல் 70க்கு உட்பட்ட வயது, கணக்குக் காட்டாதவர்க்கும் அவர் உறவினர்க்கும் விலக்கு என்பன அவற்றுட் சில. அவ்விதிகள் எல்லார்க்கும் வாசல் திறந்தவை அல்ல. நிலமும் வேதக் கல்வியும் உடையார்க்கே திறந்தவை. எனினும் கேள்வி மறைவாக இல்லை, சுவரில் இருந்தது. மறைத்து வைக்கும் கேள்விக்கு, உள்ளே உறவுள்ளவன் மட்டுமே ஆயத்தம் செய்ய முடியும்.

இன்று சுங்கை பூலோவின் தோற்றம் வேறு. ரப்பர் ஆராய்ச்சிக் கழகத்தின் பரிசோதனைத் தோட்டம் இருந்த நிலத்தில் குவாசா டாமன்சாரா நகர் எழுகிறது. பால்வெட்டுக்காரரின் பேரப்பிள்ளைகள் ரயிலேறி அலுவலகங்களுக்கு நேர்முகத் தேர்வுக்குச் செல்கின்றனர். அங்கே சீன மொழி தெரியுமா என்ற கேள்வி பல தனியார் விளம்பரங்களிலேயே தொடங்கிவிடுகிறது. அதன் எதிரொலியை நம் ஆசிரியர்கள் அறிவார்கள்: பிள்ளையைச் சீனப் பள்ளிக்கு அனுப்பும் இந்தியப் பெற்றோர் உள்ளனர். அவர்களைக் குறை கூறிப் பயனில்லை. யாழ்ப்பாணத்துப் பெற்றோர் செய்ததையே இவர்களும் செய்கிறார்கள். சீனரோடு நாளும் பேச வேண்டிய வேலைக்கு அம்மொழியைக் கேட்பது முறை. பேச வேண்டாத வேலைக்கும் கேட்பது ஆளைக் கழிக்கும் வழி. இவ்வேறுபாட்டை வலியுறுத்திக் கேட்க வேண்டியது சங்கங்களின் கடமை.

தமிழாசிரியர்கள் செய்யக்கூடியதும் உண்டு. மனப்பாடம் செய்த தன்னறிமுகம் தேர்வாளர் முன் இரண்டு நிமிடம்கூடத் தாங்காது. தான் செய்த ஒரு வேலையை, அதில் நேர்ந்த இடையூற்றை, அதைத் தீர்த்த வழியை முறையாக எடுத்துரைக்கத் தமிழ் வகுப்பில் பழகிய மாணவன், அதனை மலாயிலும் ஆங்கிலத்திலும் சொல்ல எளிதில் கற்றுக்கொள்வான். சிந்தனைக்கு ஒழுங்கு தாய்மொழியில் அமைந்தால், பிறமொழிக்கு அது கைகொடுக்கும். அதனோடு எதிர்க்கேள்வி கேட்கவும் பழக்க வேண்டும்: வேலை நேரம் என்ன, சம்பளம் எவ்வளவு, உயர்வுக்கு வழி உண்டா என்று. கப்பலேறிய நம் முன்னோர்க்கு அவ்வாய்ப்புக் கிட்டவில்லை.

எவ்வளவு ஆராய்ந்து தெளிந்தாலும், வேலையில் அமர்ந்தபின் வேறுபடுவோர் பலர் என்றும் வள்ளுவர் எச்சரித்திருக்கிறார். ஆகவே கேள்விகளால் மனிதனை முழுதும் அளந்துவிடலாம் என்று எவரும் இறுமாக்க வேண்டா. ஆனால் என்ன கேட்கிறோமோ அதற்கேற்பவே ஒரு சமுதாயம் தன் பிள்ளைகளை வளர்க்கிறது. கேட்பவர் இதனை உணர்ந்து கேட்பது நன்று.