ஸ்பெஷல் நாடகம்

தென் தமிழ்நாட்டில் கோயில் கொடைகளையும் திருவிழாக்களையும் ஒட்டி விடிய விடிய நடக்கும் தொழில்முறை மேடை நாடகம். தாமிரபரணிப் பாசனத்தில் பிசான நெல் பங்குனி வாக்கில் களத்துக்கு வந்துவிடும். கார் சாகுபடிக்குப் பாபநாசம் அணை வழக்கமாக ஜூனில்தான் திறக்கும். இடைப்பட்ட சித்திரை, வைகாசியில் வயலில் வேலை இல்லை, கையில் கொஞ்சம் காசு உண்டு. ஊர் வரி பிரித்துக் கொடை நடத்தவும் நாடகம் வைக்கவும் அந்த இடைவெளியே தோது. சாமிக்கு வில்லுப்பாட்டும் கணியான் கூத்தும், சனத்துக்கு நாடகம்.

இதன் வேர் 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் பார்சி நாடகங்களைப் பார்த்துத் திரைச்சீலையும் ஆர்மோனியமும் எடுத்துக்கொண்ட கம்பெனி நாடகங்களில் இருக்கிறது. அவற்றுக்கு நிலையான பிரதி தந்தவர் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922). பழைய திருநெல்வேலி மாவட்டத்தின் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்து, தூத்துக்குடியில் உப்புப் பண்டகசாலைக் கணக்கராக இருந்துவிட்டு நாடகத்துக்கு வந்தவர். 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கிச் சிறுவர்களைப் பழக்கினார்.

அவருடைய ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’, ‘சத்தியவான் சாவித்திரி’ ஆகியவை எல்லா நடிகர்களுக்கும் மனப்பாடம் ஆனதால் ஒரு வசதி பிறந்தது: கம்பெனியே தேவையில்லை. ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்தும் ஸ்திரீபார்ட் வேறோர் ஊரிலிருந்தும் பபூன் மற்றோர் ஊரிலிருந்தும் வரலாம்; ஒவ்வொருவருக்கும் தனிப் பேச்சு, தனிச் சம்பளம். ஒத்திகை கிடையாது. அமெரிக்காவின் கோடைக் கொட்டகைகளில் ஒரே குழு தங்கி வாரம் ஒரு புது நாடகம் போடும் வழக்கம் உண்டு. இங்கே நேர்மாறாக, நாடகம் நிலைத்து நிற்க ஆட்கள் மாறுகிறார்கள்.

செங்கோட்டையில் பிறந்த எஸ். ஜி. கிட்டப்பாவும் (1906–1933) கே. பி. சுந்தராம்பாளும் சேர்ந்து நடித்த ஆண்டுகளே இதன் உச்சம். 1931இல் பேசும் படம் வந்தபின் நகரத்துக் கொட்டகைகள் ஒவ்வொன்றாகச் சினிமாவுக்குப் போயின. டிக்கெட்டை நம்பிய நாடகம் தளர்ந்தது. ஊர்ப் பொதுப்பணத்தை நம்பியது பிழைத்தது.

இன்றும் பெரும்பாலான ஊர்கள் கேட்பது ‘வள்ளி திருமணம்’தான். முடிவு குழந்தைக்கும் தெரியும். ஆனால் பபூனும் டான்ஸும் முடிந்து நடுநிசியைத் தாண்டியதும் தொடங்கும் தர்க்கம், முதலில் நாரதரோடும் பிறகு வேலனோடும், ஒரே மாதிரி அமைவதில்லை. முன்பின் சேர்ந்து நடித்திராத இருவர் ஒருவரையொருவர் கேள்வியில் மடக்கப் பார்க்கிறார்கள். ஆர்மோனியக்காரர் பாட்டெடுத்துக் கொடுத்து இருவரையும் காப்பாற்றுகிறார். கதைக்காக யாரும் வருவதில்லை. இன்றைய வள்ளி என்ன பதில் சொல்லப்போகிறாள் என்று கேட்கவே வருகிறார்கள். சினிமா மெட்டுகள் புகுந்துவிட்டன என்ற குறை பழைய ரசிகர்களிடம் உண்டு. பபூன் பகுதியைப் பொறுத்தவரை அது நியாயமே.

ஆடி கழிந்தால் அழைப்பு குறையும். ஐப்பசி, கார்த்திகை மழை மாதங்களில் கலைஞர்கள் பலர் வேறு வேலைக்குப் போகிறார்கள்.