அடுப்புப் புகையும் வல இருதயமும்

மைசூர் நகரினின்று கிருஷ்ணராஜசாகரம் செல்லும் சாலையில் இரண்டு மருத்துவ நிலையங்கள் அருகருகே அமைந்துள்ளன. ஒன்று, இளவரசி கிருஷ்ணாஜம்மண்ணி அவர்களின் நினைவாக மைசூர் அரச குடும்பத்தார் 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் நிறுவிய காசநோய் ஆரோக்கிய நிலையம். மகாராஜா நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் சகோதரியான அவ்வம்மையார் காசநோய்க்கே இரையானவர். மற்றொன்று, ஜயதேவா இருதய நோய் நிலையத்தின் மைசூர்க் கிளைக்கென 2018-இல் திறக்கப்பெற்ற கட்டிடம். நுரையீரலுக்கு ஒரு வாயில், இருதயத்துக்கு ஒரு வாயில் என்று எண்ணிக்கொண்டு நாம் அவற்றைக் கடந்து செல்கிறோம். நோய்க்கு அந்த மதிற்சுவர் தெரியாது. இருதயத்தில் தொடங்கி நுரையீரலை நனைக்கும் நோய் உண்டு. நுரையீரலில் தொடங்கி இருதயத்தில் வந்து முடியும் நோயும் உண்டு. இரண்டையும் பிரித்தறிந்த வரலாற்றில் நம் நாட்டு அடுப்படிக்கும் ஓர் இடம் இருக்கின்றது.

முதலில் சொல்லைப் பற்றி ஒரு வார்த்தை. ‘ஹார்ட் பெயிலியர்’ என்றவுடன் இருதயம் நின்றுவிட்டது என்றே பலரும் பொருள் கொள்கின்றனர். மொழிபெயர்ப்புத் தொழிலில் உள்ள நமக்கு இச்சொல் ஓயாத தொல்லை. ‘செயலிழப்பு’ என்று எழுதினால் நோயாளியின் வீட்டார் அழத் தொடங்கிவிடுவர். ‘தளர்ச்சி’ என்பதே உண்மைக்கு அருகில் வருவதாக நமக்குப் படுகிறது. இருதயம் துடித்துக்கொண்டுதான் இருக்கும். உடலுக்கு வேண்டிய அளவு இரத்தத்தைத் தள்ளி அனுப்ப அதனால் இயலவில்லை என்பதே செய்தி.

இருதயம் ஒன்றுபோல் தோன்றினும் உண்மையில் இரண்டு இறைவைகள் ஒட்டிப் பிறந்தவை. வலப்புறம் உடலினின்று திரும்பிய இரத்தத்தை நுரையீரலுக்கு அனுப்புகிறது. இடப்புறம் நுரையீரலினின்று வந்ததை உடல் முழுவதற்கும் அனுப்புகிறது. இந்தச் சுற்றோட்டத்தை ஆங்கில மருத்துவர் வில்லியம் ஹார்வி 1628-இல் நூலாக வெளியிட்டார். வயலுக்கு நீர் பாய்ச்சுவோர்க்கு இதன் விளைவை விளக்க வேண்டுவதில்லை. மதகு அடைபட்டால் நீர் தேங்குவது மேற்புறத்தில். இட இருதயம் தளர்ந்தால் நுரையீரலில் தேக்கம்: நோயாளியால் மல்லாந்து படுக்க முடியாது, தலையணைகளை அடுக்கிக்கொள்வார், நள்ளிரவில் மூச்சு முட்டி எழுந்து சன்னலருகே உட்கார்ந்துகொள்வார், முற்றிய நிலையில் இளஞ்சிவப்பு நுரை துப்புவார். வல இருதயம் தளர்ந்தாலோ தேக்கம் உடலில்: கழுத்துச் சிரைகள் புடைக்கும், கல்லீரல் வீங்கும், வயிற்றில் நீர் கோக்கும், கணுக்காலை விரலால் அழுத்தினால் பள்ளம் விழுந்து மெல்ல நிரம்பும்.

வலப்புறம் ஏன் தளர்கிறது? பெரும்பாலும் இடப்புறம் தளர்ந்ததால்தான் என்று மேல்நாட்டுப் பாடநூல்கள் கற்பித்தன. அது இன்றும் உண்மையே. இரத்தக் கொதிப்போ வால்வுக் கோளாறோ இடப்புறத்தைக் கெடுக்கும். தேக்கம் நுரையீரல் வழியே பின்னேறி வலப்புறத்தையும் களைப்புறச் செய்யும். ஆனால் இடப்புறம் பழுதின்றி இருக்க, வலப்புறம் மட்டும் பருத்துத் தளர்ந்த நோயாளிகளும் இருந்தனர். அவர்களுக்கு நோயின் ஊற்று நுரையீரல். இதன் சூட்சுமத்தை 1946-இல் சுவீடன் நாட்டு அறிஞர்கள் வான் ஆய்லரும் லில்ஜெஸ்ட்ராண்டும் பூனைகளிடத்தே கண்டனர். பிராணவாயு குறைந்தால் நுரையீரல் நாளங்கள் சுருங்குகின்றன. ஆண்டுக்கணக்கில் அவ்வாறு சுருங்கியிருந்தால், மெல்லிய சுவருடைய வல இருதயம் சுமக்கலாகாத பாரத்தைச் சுமக்க நேர்கிறது.

இந்த நோயை நம் நாட்டில் ஆழ்ந்து ஆராய்ந்தவர் டாக்டர் எஸ். பத்மாவதி. 1917-இல் பர்மாவில் பிறந்து, ரங்கூனில் மருத்துவம் பயின்ற இவர், 1942-இல் ஜப்பானியர் படையெடுப்பின்போது தாயுடனும் சகோதரிகளுடனும் கோயம்புத்தூர் வந்து சேர்ந்தார். பின்னர் இங்கிலாந்திலும், அமெரிக்காவில் ஹெலன் டாசிக், பால் டட்லி ஒயிட் ஆகிய பெரியோரிடத்தும் பயிற்சி பெற்றார். ஐசனோவருக்கு 1955-இல் மாரடைப்பு வந்தபோது சிகிச்சையளித்த ஒயிட் இவரே. 1953-இல் பத்மாவதி தில்லி லேடி ஹார்டிஞ்ச் கல்லூரியில் பணியேற்றார். அது பெண்களுக்கான கல்லூரி. அதன் மருத்துவமனையில் பெண் நோயாளிகள் திரண்டு வந்தனர். இது தற்செயலாயினும் நல்லூழ் என்றே சொல்ல வேண்டும்.

1959-இல் அவரும் பாடக் என்பாரும் தில்லியில் கண்ட 127 நோயாளிகளைப் பற்றி அமெரிக்க இருதய மருத்துவ இதழில் எழுதினர். மேல்நாட்டில் இது புகைபிடிக்கும் முதிய ஆண்களின் நோய். இங்கோ பெண்கள் ஆண்களுக்கு ஏறத்தாழ நிகராக இருந்தனர். அதுவும் ஆண்களைவிட இளவயதினர். அவர்களுள் பெரும்பாலோர் கையால் பீடி தொட்டவர்கள் அல்லர். பின் புகை எங்கிருந்து வந்தது? சன்னலில்லாத அறையில் விறகும் வரட்டியும் எரித்து, ஊதுகுழலால் ஊதி ஊதிச் சமைத்த அடுப்பிலிருந்து வந்திருக்க வேண்டும் என்று அவர்கள் சுட்டினர். “புகை பிடிப்பதுண்டா?” என்று கேட்டு, “இல்லை” என்ற விடையோடு நின்றுவிடும் மருத்துவர் இந்நோயின் காரணத்தை எக்காலத்தும் காணமாட்டார் என்பது நம் துணிபு.

பத்மாவதி அம்மையார் 2020-இல், தம் 103ஆம் வயதில், கொரோனா நோயால் தில்லியில் காலமானார்.

இவ்வேறுபாடு ஏட்டளவில் நிற்பதன்று. கால் வீங்கியவருக்கு நீர் பிரியும் மருந்து கொடுத்தால் வீக்கம் வடியும். நுரையீரலின் பழுது அப்படியே இருக்கும். இரத்தத்தில் பிராணவாயு மிகக் குறைந்த இத்தகையோர்க்கு, நாள்தோறும் நெடுநேரம் அதனைச் சுவாசிக்கத் தருவது ஆயுளை நீட்டும் என்று 1980, 1981 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்த அமெரிக்க, ஆங்கில ஆய்வுகள் மெய்ப்பித்தன.

மீண்டும் மைசூருக்கு வருவோம். வெறும் கருத்தாக இருந்ததற்கு ஓர் எண் கிடைத்தது இங்கேதான். மைசூர் மாவட்டக் கிராமப் பெண்களிடையே விசாரித்து, மைசூர் மருத்துவ ஆராய்ச்சியாளர்கள் 2013-இல் ஓர் ஆய்வை வெளியிட்டனர். நாளொன்றுக்குச் சமைக்கும் மணி நேரத்தைச் சமைத்து வந்த ஆண்டுகளால் பெருக்கினால் வருவது புகைக் கணக்கு. அது 60-ஐ எட்டும்போது நாட்பட்ட மூச்சுக்குழல் அழற்சி வரும் அபாயம் தெளிவாக உயர்கிறது. வல இருதயத்துக்குச் செல்லும் நெடும் பாதையின் முதற்படி அதுவே.

2016-இல் தொடங்கிய உஜ்வலா திட்டத்தால் எரிவாயு பல கிராமங்களுக்கும் சென்றுள்ளது. ஆயினும் வாயு அடுப்பு உள்ள வீட்டின் பின்கட்டிலும் குளிக்கும் வெந்நீருக்கு விறகு எரிவதைக் காண்கிறோம். அப்புகையும் நெஞ்சுக்குள்தான் போகிறது. 16 வயதில் அடுப்படிக்கு வந்த ஒரு பெண், நாளுக்கு 3 மணி நேரம் விறகில் சமைத்தால், 20 ஆண்டுகளில் அந்த 60-ஐ எட்டிவிடுகிறார். அப்போது அவருக்கு வயது 36.