கக்கன்ஜி வகித்த இலாகாக்கள்

கக்கன் என்றதும் நம் வயதுக்காரர்கள் எல்லோரும் சொல்வது ஒரே கதைதான். அமைச்சராக இருந்தவர், கடைசிக் காலத்தில் மதுரை அரசு ஆஸ்பத்திரியில் பொது வார்டில் கிடந்தார், முதல்வர் எம்.ஜி.ஆர். அங்கே அவரைப் பார்த்து மனம் கலங்கி உதவிக்கு ஏற்பாடு செய்தார். கதை உண்மைதான். ஆனால் அதையே சொல்லிச் சொல்லி, பத்து ஆண்டுகள் அமைச்சராக இருந்தவர் என்ன பொறுப்புகளை வகித்தார் என்பதை மறந்துவிட்டோமே என்பதுதான் என் ஆதங்கம்.

மேலூர் தாலுகா தும்பைப்பட்டியில் 1908-ல் பிறந்தவர். தகப்பனார் கிராமக் கோயில் பூசாரி. இருந்தும் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் தாழ்த்தப்பட்டவர்கள் போக முடியாத காலம் அது. 1939 ஜூலை 8-ம் தேதி வைத்தியநாதய்யர் தலைமையில் ஆலயப் பிரவேசம் நடந்தபோது உள்ளே சென்றவர்களில் கக்கனும் ஒருவர். அப்போது அவருக்கு வயது 31.

பிறகு அரசியல் நிர்ணய சபை உறுப்பினர். 1952-ல் மதுரையிலிருந்து நாடாளுமன்ற உறுப்பினர். 1957-ல் மேலூரில் ஜெயித்ததும் காமராஜர் அமைச்சரவையில் சேர்த்துக்கொண்டார். அரிசன நலத்தை மட்டும் கொடுத்து நிறுத்தியிருந்தாலும் அன்று யாரும் ஏனென்று கேட்டிருக்க மாட்டார்கள். காமராஜரோ அதனுடன் பொதுப்பணித் துறையையும் கொடுத்தார். அணை, கால்வாய், கண்மாய் எல்லாம் அந்தத் துறைக்குள்தான்.

அவர் அந்தப் பொறுப்பில் இருந்தபோதுதான், 1959 ஜனவரியில், ஆண்டிபட்டி அருகே வைகை அணை திறக்கப்பட்டது. மலைச் சுரங்கம் வழியாக இறங்கும் பெரியாற்றுத் தண்ணீர் வைகையில் சேர்ந்து, பேரணையில் பிரிந்து, கால்வாய் வழியே மேலூர் வரை போகிறது. அணை வந்த பிறகு அதைத் தேக்கி வைத்து, வேண்டியபோது திறந்துவிட முடிந்தது. தண்ணீருக்காகப் பெரிய மிராசுதார்களும் அவரிடம்தான் மனு கொடுக்க வேண்டியிருந்தது. கோயில் வாசலில் நிறுத்தப்பட்டவர் கைக்கு இருபதே ஆண்டுகளில் அந்த அதிகாரம் வந்தது சின்ன விஷயமா?

1962-ல் சமயநல்லூரில் ஜெயித்து விவசாய அமைச்சரானார். 1963 அக்டோபரில் பக்தவத்சலம் முதல்வரானபோது உள்துறை வந்தது. போலீஸ் அவர் கையில்.

இங்கே கசப்பான பக்கத்தையும் சொல்லத்தான் வேண்டும். 1965 ஜனவரியில் இந்தி எதிர்ப்புப் போராட்டம் மதுரையிலும் பற்றிக்கொண்டது. துப்பாக்கிச் சூட்டில் பலர் மாண்டார்கள். உள்துறை அமைச்சர் என்ற முறையில் அந்தப் பொறுப்பிலிருந்து அவரை விலக்கிவிட முடியாது. நல்ல மனிதர் என்பதால் அதைத் தொடாமல் விடுவது வரலாறு ஆகாது. 1967 தேர்தலில் காமராஜர் விருதுநகரிலும், பக்தவத்சலம் ஸ்ரீபெரும்புதூரிலும், கக்கன் மேலூர் தெற்கிலும் தோற்றார்கள்.

அதன் பிறகு வாடகை வீடு, பஸ் பயணம், ஆஸ்பத்திரி. 1981 டிசம்பரில் காலமானார்.

அவருடைய எளிமையைக் குறைத்துச் சொல்ல இதை எழுதவில்லை. அணையும் போலீசும் கையில் இருந்தவர் வெறுங்கையோடு வீடு திரும்பினார் என்பதில்தானே அந்த எளிமைக்கு மதிப்பு! பேரப்பிள்ளைகளிடம் ஆஸ்பத்திரிக் கதையைச் சொல்லும்போது 1939, 1957, 1965 ஆகிய மூன்று ஆண்டுகளையும் சேர்த்துச் சொல்லுங்கள். அப்போதுதான் கக்கன்ஜி முழுசாகத் தெரிவார்.