மறைவில் இருப்பவனின் கண்

ஸ்ரீவில்லிபுத்தூரில் வீடு, ராஜபாளையத்தில் வங்கி உத்தியோகம். தினமும் பஸ்ஸில் போக வர, மேற்கே மலையும் கூடவே வருகிறது. பத்து வருஷமாக அதை நான் பார்க்கவேயில்லை என்பது, சேகர் தத்தாத்ரியின் 'சைலன்ட் வேலி' (1991) படத்தைப் பார்த்த இரவில்தான் உறைத்தது.

தமிழ் ஸினிமாவுக்குக் காடு பெரும்பாலும் ஒரு படுதா. சாண்டோ சின்னப்பா தேவரின் 'நல்ல நேரம்' (1972) யானைகளை நானும் ரஸித்தவன்தான். ஆனால் அங்கே மிருகம் காமிராவின் முன் வந்து, சொன்னதைச் செய்துவிட்டுப் போகிறது. தத்தாத்ரியிடம் காமிரா மிருகத்தின் வீட்டு வாசலில் போய்க் காத்துக் கிடக்கிறது. இந்த இடமாற்றத்துக்கு நம்மிடையே முன்னோடி மா. கிருஷ்ணன் (1912–1996). நாவலாசிரியர் மாதவையாவின் மகன். பல பாகங்களைத் தானே கோத்துக்கொண்ட காமிராவில் கறுப்பு வெள்ளையிலேயே காட்டைக் கண்டவர். அவருடைய தமிழ்க் கட்டுரைகளை நம் இலக்கிய வட்டம் எவ்வளவு தாமதமாகப் படித்தது என்பது தனிக் கதை.

தத்தாத்ரி பதின்மூன்று வயதில் சென்னைப் பாம்புப் பண்ணைக்குத் தொண்டராகப் போனவர். இருளர்களின் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பற்றிய படம் 1987-ல் வந்தது. பாம்போடு பழகியவனுக்கு அவசரம் ஆகாது. அந்நாளைய 16 மி.மீ. காமிராவில் 400 அடிச் சுருள் பதினோரு நிமிஷத்தில் தீர்ந்துபோகும். இன்றைய டிஜிட்டல் காமிராவைப் போல ஓடவிட்டுவிட்டு உட்கார முடியாது. குரங்கு எந்தக் கிளைக்குத் தாவும் என்பது அது தாவுமுன்பே தெரிந்திருக்க வேண்டும். பொறுமை அறிவாக மாறாவிட்டால் பிலிம்தான் வீண்.

2001-ல் குதிரேமுக் இரும்புச் சுரங்கம் பற்றி அவர் எடுத்த குறும்படத்தைப் பிரச்சாரம் என்று ஒதுக்கியவர்களில் நானும் ஒருவன். 2002-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2005 முடிவில் சுரங்கம் நின்றது. படம் மட்டுமே சாதித்ததல்ல, வழக்காடியவர்கள் இருந்தார்கள். இருந்தாலும், அத்தனை காலம் வாய் திறவாமல் காட்டுக்குள் கிடந்தவன் பேசினால் அதைச் சாட்சியம் என்றே நான் இப்போது எடுத்துக்கொள்கிறேன். 'தூய கலை' என்று நாம் கட்டி வைத்திருக்கும் வேலி இவ்விடத்தில் எனக்கு உதவவில்லை.

செண்பகத்தோப்புக்கு மூன்று ஞாயிற்றுக்கிழமை போனேன். 1988-ல் சாம்பல் நிற அணிலுக்கென்று சரணாலயமான மலை. 2021-ல் மேகமலையோடு சேர்ந்து புலிகள் காப்பகமாயிற்று. பக்கத்து மரங்களின் கிளைகள் தொட்டுக்கொள்ளும் இடமாகப் பார்த்துத்தான் அந்த அணில் கூடு கட்டும். தரையில் இறங்காமல் போய்வர அதற்கு வழி வேண்டும். மூன்றாவது வாரம் ஒரு புளியமரத்தில் கண்டேன். கை தானாகச் சட்டைப்பையிலிருந்த செல்போனுக்குப் போயிற்று. நிமிர்ந்தால் அணில் இல்லை.

மறுநாள் கௌண்டருக்கு அடிவாரத்து மாந்தோப்பு ஒன்றின் கடன் மனு வந்தது. மரங்கள் எத்தனை என்று கேட்க அதில் ஒரு கட்டம் உண்டு. கிளைகள் தொடுகின்றனவா என்று கேட்கக் கட்டமில்லை. எண்ணிக்கையைச் சரிபார்த்து மேலே அனுப்பினேன்.