டி. எஸ். பாலையாவும் துணைநடிப்பின் வரலாறும்: மண்டூரிலிருந்து ஒரு நோக்கு

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் அமைந்தது மண்டூர். இப்பிரதேசத்தின் கூத்துக் களரியில் அரசன் தனித்து ஆடுவதில்லை. கட்டியகாரன் அவனது வரவைக் கூறுகிறான். அண்ணாவியார் மத்தளத்தால் ஆட்டத்தை நடத்துகிறார். பிற்பாட்டுக்காரர் பாட்டை ஏற்றுப் பாடி ஆடுபவனுக்கு மூச்சுவிட இடமளிக்கின்றனர். அரசனின் பெருமை இவர்களது கூட்டுழைப்பின் பேறாகும். இம்மரபை அறிந்த நாம் தமிழ்த் திரைப்பட வரலாற்றை நோக்குமிடத்து, அது பெரிதும் நாயகர்களின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கக் காண்கிறோம். இக்குறையை உணர்த்தத் தக்கது டி. எஸ். பாலையாவின் (1914 - 1972) கலைவாழ்வு.

திருநெல்வேலிச் சீமையின் சுண்டங்கோட்டையிற் பிறந்த பாலையா, நாடகக் கம்பனி மேடையிற் பயின்று திரைக்கு வந்தவர். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதிலீலாவதி’ (1936) அவரது முதற் படம். எம். ஜி. இராமச்சந்திரன் சிறு வேடமொன்றில் அறிமுகமானதும் இப்படத்திலேயே. அதன் நாயகன் குடியால் நிலைகெட்டு, இலங்கைக்குத் தப்பியோடித் தேயிலைத் தோட்டக் கூலியாகிறான். தோட்டத் தொழிலாளரின் வாழ்வு தமிழ்த் திரையில் இடம்பெற்ற தொடக்ககால முயற்சிகளுள் ஒன்று என்ற வகையில் இப்படம் எமக்கு முக்கியமானது. அந்நாயகனின் வீழ்ச்சிக்குக் காரணமான வஞ்சகனாகப் பாலையா நடித்தார். ஒருவனது வீழ்ச்சியை நம்பத்தக்கதாக்குபவன் அவனை வீழ்த்துபவனே என்பதை மறத்தலாகாது.

‘அம்பிகாபதி’யில் (1937) எம். கே. தியாகராஜ பாகவதருக்கு எதிராக நின்ற பாலையா, ‘மதுரை வீரன்’ (1956) படத்தில் எம். ஜி. ஆருக்கு எதிராக நின்றார். இருபதாண்டுக் காலத்தில் நாயகர் மாறினர். அவர்களுக்கு எதிர்நின்றவர் மாறவில்லை. இதற்கிடையில் அண்ணாதுரையின் ‘வேலைக்காரி’ (1949) வெளிவந்தது. பழிவாங்கத் துடிக்கும் நாயகனின் ஆத்திரத்தைத் தணித்து, அறிவின் வழிக்குத் திருப்பும் நண்பன் மணியாக அதில் பாலையா தோன்றினார். படத்தின் பகுத்தறிவுக் கருத்துகளில் முக்கியமானதொன்று நாயகனின் வாய்வழியன்றித் துணைப்பாத்திரத்தின் வாய்வழியே வந்தது குறிப்பிடத்தக்கது.

பிற்காலத்தில் அவரது நடிப்பின் தனித்திறன் பேச்சிலும் பார்க்கக் கேட்டலிலேயே வெளிப்பட்டது எனலாம். ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ (1964) படத்தில் மகன் செல்லப்பாவாக வரும் நாகேஷ் பேய்க்கதை சொல்ல, தந்தை பாலையா கேட்டிருக்கிறார். கதை சொல்பவர் நாகேஷ். அக்கதையின் அச்சம் முழுவதும் பதிவது பாலையாவின் முகத்திலே. ‘திருவிளையாடல்’ (1965) படத்தில் அவர் ஏமநாத பாகவதர். பாண்டியன் அவையையே இறுமாப்புடன் அறைகூவிய அப்புலவன், விறகு விற்பவனின் பாட்டைக் கேட்டு ஒடுங்குகிறான். எளியவன் ஒருவனின் கலை எத்துணை உயர்ந்தது என்பதை நாம் அளந்தறிவது அம்முகத்தின் ஒடுக்கத்தைக் கொண்டே. பாலையாவுக்குப் பின்னணி பாடியவர் எம். பாலமுரளிகிருஷ்ணா. குரல் ஒருவருடையது, முகம் மற்றொருவருடையது. இதுவும் ஒரு கூட்டுழைப்பே. ‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்திலும் நாதஸ்வர வித்துவானுக்குப் பக்கத்துணையான தவிற்கலைஞராகவே அவர் வருகிறார்.

பாலையா 1972இல் மறைந்தார். முப்பத்தாறு ஆண்டுகள் பிறர் கதைகளைத் தாங்கிய ஒரு கலைஞரை ‘குணச்சித்திர நடிகர்’ என்ற ஒரு சொல்லில் அடக்கிவிடுவது வரலாறாகாது. நாயகன் மீதான பற்று அரசியற் பற்றாகவும் மாறிய தமிழ்ச் சமூகத்தில் இக்குறை கலையுலகோடு மட்டும் நின்றுவிடுவதில்லை. தலைவரைக் கொண்டே காலத்தை அளக்கும் பழக்கம், உழைத்த பலரைக் கணக்கிலிருந்து நீக்கிவிடுகிறது. படுவான்கரையின் களரியோ பிற்பாட்டுக்காரருக்கும் உரிய இடத்தை வைத்திருக்கிறது. நமது கலைவரலாறும் அவ்விடத்தை அளிக்கும்போதே முழுமை பெறும்.